ரோடியோ கடற்கரை: கூழாங்கல்லும் சுடாத பீரங்கியும்

ஜூலை 5, வெள்ளி, ஆனி அமாவாசை

இந்த வாரம் முழுக்க, மகள் வீடு இருக்கும் கலிபோர்னியாவின் லிவர்மோரில் பகல் வெயில் நூறு டிகிரிக்குக் கீழே இறங்கவில்லை. ஃபாரன்ஹீட்டில்தான்; நம் கணக்கில் 38, 40. திருச்சிக்காரர்களுக்கு இதெல்லாம் ஒரு வெயிலா என்று இவர் முதலில் ஜம்பமாகச் சொல்லிக்கொண்டிருந்தார். ஆனால் இங்கே மர வீடு. பகலில் ஏறிய சூடு ராத்திரி பதினோரு மணிக்கும் மாடியை விட்டு இறங்குவதில்லை. நேற்று சுதந்திர தின விடுமுறை, மகள் இன்றைக்கும் லீவு போட்டுவிட்டாள். "கடல் பக்கம் போயிடலாம் அத்தை. ஆனா ஸ்வெட்டர் எடுத்துக்கணும்" என்றார் மாப்பிள்ளை. ஜூலை மாதம் ஸ்வெட்டரா என்று சிரித்துவிட்டு, இவர் தன்னுடையதை வீட்டு நாற்காலியிலேயே மாட்டிவிட்டு வந்தார்.

சான் பிரான்சிஸ்கோவுக்குள் நுழையும்போதே வெளிச்சம் மாறிவிட்டது. கோல்டன் கேட் பாலத்தின் மேல் போகிறோம், பாலத்தைக் காணோம். சிவப்புக் கம்பிகள் கொஞ்சம் உயரம் வரை தெரிகின்றன, அப்புறம் வெள்ளை. காரின் மீட்டர் 56 டிகிரி காட்டியது. ஒரு மணி நேரப் பயணத்தில் நாற்பது டிகிரிக்கு மேல் இறங்கிவிட்டது. பசிபிக் கடல் இங்கே கோடையிலும் ஐஸ்தான். உள்நாட்டுப் பள்ளத்தாக்கு சூடாகி அங்கே காற்று மேலே எழும்ப, கடல்மேல் இருக்கும் குளிர்ந்த காற்றும் பனிமூட்டமும் பாலத்தின் இடுக்கு வழியாக உள்ளே இழுக்கப்படுகின்றன. லிவர்மோர் எவ்வளவு வேகிறதோ அவ்வளவு இங்கே நடுங்க வேண்டும் என்பது ஏற்பாடு.

பாலத்தைத் தாண்டினால் மரின் ஹெட்லாண்ட்ஸ் என்ற கடலோர மலைகள். மலையேறும் கான்செல்மன் சாலையில் முதலில் வரும் பார்வையிடங்களில் வண்டி நிறுத்த இடமே இல்லை. எதையும் பார்க்க முடியாத மூட்டத்தில் அத்தனை பேரும் போனைத் தூக்கிப் பிடித்துப் படமெடுத்துக்கொண்டிருந்தார்கள். உச்சியில் ஹாக் ஹில். இரண்டாம் உலகப் போரில் பெரிய பீரங்கி வைப்பதற்காக மலையைக் குடைந்து கான்கிரீட் போட்டு, வேலை முடிவதற்குள் தேவை போய்விட்டது என்று நிறுத்திவிட்ட இடம். பீரங்கியைப் பொருத்தவே இல்லை. அதற்குப் பிறகு சாலை ஒருவழியாகி, கடலைப் பார்த்துச் செங்குத்தாக இறங்குகிறது. கடல் பக்கம் தடுப்பு கிடையாது. மகள் கண்ணை மூடிக்கொண்டாள். நல்லவேளை, ஓட்டியது மாப்பிள்ளை.

ரோடியோ கடற்கரை ஒரு காயலுக்கும் கடலுக்கும் நடுவில் கிடக்கும் நீண்ட மேடு. தூரத்தில் பார்த்தால் கருஞ்சாம்பல் மணல். கால் வைத்தால் மணல் இல்லை, சின்னக் கல். குனிந்து ஒரு கை அள்ளிப் பார்த்தேன். கலப்புப் பருப்பு மூட்டையை அவிழ்த்த மாதிரி இருந்தது: செங்கல் சிவப்பு, பாசிப் பச்சை, கறுப்பு, இடையிடையே வெளிச்சம் ஊடுருவும் ஆரஞ்சு நிறத்தில் ஒன்றிரண்டு. அந்த ஆரஞ்சு கார்னீலியன் என்றாள் மகள். சிவப்பும் பச்சையும் செர்ட் என்ற பாறையின் துணுக்குகள். ரேடியோலேரியா என்று கண்ணுக்குத் தெரியாத கடல் உயிர்கள் செத்து, அவற்றின் கண்ணாடிக் கூடுகள் ஆழ்கடல் தரையில் படிந்து இறுகியதுதான் அந்தப் பாறை. 20 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 10 கோடி ஆண்டுகளுக்கு முன்பு வரை படிந்ததாம். கடல் தரையே நகர்ந்து வந்து கண்டத்தின் விளிம்பில் முட்ட, வழித்துத் தள்ளப்பட்டது இந்த மலையாக நிற்கிறது. வரும் வழியில் சாலை வெட்டில் மடித்து மடித்து வைத்த சிவப்பு அடுக்குகளைப் பார்த்தோம், அதே கல்.

நனைந்தால்தான் நிறம். காய்ந்துவிட்டால் எல்லாம் ஒரே தூசி நிறம். அலை ஏறும்போது சத்தம் நம் ஊர் அலையைப் போலத்தான். திரும்பிப் போகும்போதுதான் விஷயம்: லட்சம் கற்கள் ஒன்றோடொன்று உரசிக்கொண்டு கீழே இழுபடும் கலகலப்பு. பேரன் அதைக் கேட்டுக் குதித்துக்கொண்டே இருந்தான். குளிக்க யாரும் இறங்குவதில்லை. கரை சட்டென்று ஆழமாகிறது, இழுப்பு அதிகம், எச்சரிக்கைப் பலகையும் வைத்திருக்கிறார்கள். உடல் முழுக்க ரப்பர் உடை போட்ட அலைச்சறுக்குப் பையன்கள் மட்டும் உள்ளே போய் விழுந்து எழுந்துகொண்டிருந்தார்கள். பலகையைத் தூக்கிக்கொண்டு நம்மைத் தாண்டிப் போகிற ஒவ்வொருவனும் ஒரு 'ஹாய்' சொல்லிவிட்டுத்தான் போகிறான். பதிலுக்கு இவரும் கைகூப்ப ஆரம்பித்துவிட்டார்.

அமாவாசை என்பதால் காக்கைக்கு வைக்காமல் இவர் சாப்பிட மாட்டார். காலையில் வீட்டில் வைத்ததை ஒரு காக்காயும் சீண்டவில்லை. இங்கே நல்ல சைஸில் அண்டங்காக்கைகள் சுற்றிச் சுற்றி வந்தன. புளியோதரையில் ஒரு பிடி எடுத்துக் கட்டைமேல் வைக்கப் போனவரை மகள் பிடித்துக்கொண்டாள். "அப்பா, இது நேஷனல் பார்க். பறவைக்குத் தீனி போட்டா ஃபைன்." இவர் முகம் விழுந்துவிட்டது. அந்த விவாதம் நடக்கும்போதே பின்னால் ஒரு காக்கை எங்கள் துணிப்பையின் ஜிப்பை அலகால் பிடித்து இழுத்துத் திறந்து, முறுக்குப் பாக்கெட்டைத் தூக்கிக்கொண்டு பறந்துவிட்டது. நான் என் கண்ணால் பார்த்தேன், ஜிப்பை இழுத்துத் திறந்தது. "நான் போடலை, அதுவா எடுத்துக்கிட்டது" என்று சொல்லிவிட்டு இவர் திருப்தியாகச் சாப்பிட உட்கார்ந்தார். மாமனாருக்கு முறுக்கு பிடிக்கும் என்பது வேறு விஷயம்.

மூன்று மணிக்கெல்லாம் இவருக்குப் பல் கிட்டிக்கொண்டது. கடற்கரையில் டீக்கடை, சுண்டல், ஒன்றும் கிடையாது. போனில் சிக்னலும் இல்லை. பக்கத்து ஊரான சாசலிட்டோ போக ஒரு பழைய ராணுவச் சுரங்கப்பாதையைக் கடக்க வேண்டும். ஒரு வண்டி மட்டுமே போகிற அகலம், அதனால் சிக்னல் போட்டு இந்தப் பக்கம், அந்தப் பக்கம் என்று மாற்றி மாற்றி விடுகிறார்கள். சிவப்பு விழுந்தால் ஐந்து நிமிடம். ஒருத்தர்கூட ஹாரன் அடிக்கவில்லை. சாசலிட்டோவில் ஒரு நினைவுப்பொருள் கடையில், நெஞ்சில் பாலம் போட்ட தடித்த பனியன் 48 டாலர், வரி தனி. கடை வாசலில் அது மட்டும் மலை மாதிரி குவிந்து கிடந்தது. எங்களைப் போல் வருகிறவர்களை நம்பித்தான் அந்தக் கடை நடக்கிறது. காபி ஆறரை டாலர், அதில் கசப்பு மட்டும் தாராளம்.

ஜூலை 6, சனி

சான் ரஃபேலில் ஒரு மோட்டலில் தங்கினோம். காலைச் சாப்பாடு வாடகையோடு சேர்ந்தது என்றார்கள்: மாவை ஊற்றி மூடித் திருப்பினால் வாஃபிள் வரும் ஒரு மெஷின், வாழைப்பழம், ரொட்டி. நான் கொண்டுபோன பருப்புப் பொடியை ரொட்டியில் தூவிச் சாப்பிட்டோம். பக்கத்து மேசைப் பெண் என்ன அது என்று கேட்டு, ஒரு சிட்டிகை வாங்கி நக்கிப் பார்த்து, பூண்டா என்று சரியாகச் சொன்னாள்.

காலையில் கடல் பாலூட்டிகள் மருத்துவமனை. கரையில் நோயோடு ஒதுங்கும் கடற்சிங்கங்களையும் சீல்களையும் தூக்கி வந்து வைத்தியம் பார்த்துத் திரும்பக் கடலில் விடுகிறார்கள். 1975-ல் தொடங்கியது. மேலே நின்று தொட்டிகளைப் பார்க்கலாம். ஒரு கடற்சிங்கம் தலையை இப்படியும் அப்படியும் ஆட்டிக்கொண்டே இருந்தது. பாசியில் உண்டாகும் ஒரு நஞ்சு மீன் வழியாக உள்ளே போய் மூளையைத் தாக்குமாம். மீன் நாற்றம் மதியம் வரை உடையில் இருந்தது. இந்த இடமும் முன்பு ஏவுகணைத் தளம்தான்.

ஏவுகணை என்றதும் இவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். மதியம் போனது அதற்குத்தான்: எஸ்எஃப்-88 என்ற நைக்கி ஏவுகணைத் தளம். 1954 முதல் 1974 வரை வேலையில் இருந்தது. சோவியத் குண்டுவீச்சு விமானங்கள் வந்தால் வானத்திலேயே அடிக்க. அமெரிக்காவில் நகரங்களைச் சுற்றி இந்த மாதிரித் தளங்கள் ஏராளமாக இருந்தன. முழுதாகப் பழுது பார்த்துப் பார்வைக்கு வைத்திருப்பது இது ஒன்றுதான். நுழைவுக் கட்டணம் இல்லை. சுற்றிக் காட்டியவர்கள் தொண்டர்கள், அதில் ஒருவர் முன்னாள் நைக்கி சிப்பாய். எண்பதைத் தாண்டியவர், தொப்பி, கையில் ஊன்றுகோல், குரல் மட்டும் பரேடு மைதானத்துக் குரல்.

தரையில் ஒரு பெரிய இரும்புக் கதவு. அது திறந்து, லிஃப்ட் எங்களையும் சேர்த்துக் கீழே இறக்கியது. கீழே வெள்ளை வெள்ளையாக ஏவுகணைகள் படுத்திருக்கின்றன. குண்டெல்லாம் எடுத்துவிட்ட வெறும் உடம்பு. முதலில் வந்தது அஜாக்ஸ், பிறகு ஹெர்குலிஸ். ஹெர்குலிஸில் அணுகுண்டு பொருத்தலாம். சான் பிரான்சிஸ்கோவிலிருந்து பாலம் தாண்டினால் வரும் இந்தப் பள்ளத்தாக்கில், அலைச்சறுக்கு நடக்கிற கடற்கரைக்குக் கூப்பிடு தூரத்தில், அணு ஆயுதத்தோடு இருபது வயதுப் பையன்களைக் காவல் வைத்திருந்திருக்கிறார்கள். அத்தனை பெரிய ஏவுகணையைத் தண்டவாளத்தில் ஆட்கள் கையால் தள்ளித்தான் லிஃப்டுக்குக் கொண்டுவருவார்களாம். இவர் போய்த் தள்ளிப் பார்த்தார், அனுமதி கேட்டுத்தான். சுலபமாக நகர்ந்தது.

பேரன் அந்த முன்னாள் சிப்பாயிடம் நேராகக் கேட்டான், "எத்தனை சுட்டீங்க?" அவர் சிரிக்கவில்லை. பயிற்சிக்கு நியூ மெக்சிகோ பாலைவனத்துக்குக் கூட்டிப்போவார்கள், அங்கேதான் சுடுவது. இங்கிருந்து ஒன்றுகூடக் கிளம்பவில்லை, கிளம்பியிருந்தால் நீ இங்கே நின்று கேட்டுக்கொண்டிருக்க மாட்டாய் என்றார். அப்புறம் குழந்தையின் கையில் ஒரு பெரிய சாவியைக் கொடுத்துப் பிடித்துப் பார்க்கச் சொன்னார்.

இவர் பெல் கம்பெனியில் ஹைட்ராலிக்ஸ் பக்கம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். லிஃப்டின் பம்ப் அறையைப் பார்த்த பிறகு எங்களை மறந்துவிட்டார். இவருக்கும் அந்தத் தொண்டருக்கும் பொதுவான ஆங்கிலம் கொஞ்சம்தான், ஆனால் சீல், வால்வு, பிரஷர், லீக் என்று நாலு வார்த்தை போதுமாக இருந்தது. பழைய பாகம் கிடைப்பதில்லை, நாங்களே கடைந்து போடுகிறோம் என்று தொண்டர் சொல்ல, இவர் தன் சட்டைப்பையிலிருந்த பெட்ரோல் பில்லின் பின்னால் படம் போட்டுக் காட்டினார். அது அங்கேயே வாங்கி வைக்கப்பட்டது. நானும் மகளும் வெளியே காற்றில் நாற்பது நிமிடம் நின்றோம்.

சாயங்காலம் மறுபடி கடற்கரை. மூட்டம் கொஞ்சம் தூக்கிக்கொண்டது, தெற்கே பறவைத் தீவு தெரிந்தது. உச்சி முழுக்கப் பெலிகன்கள், பாறை வெள்ளையாகக் கிடந்தது. பேரன் கால்சட்டைப் பையில் கல் நிரப்பிக்கொண்டிருந்தான். நாயோடு வந்த ஒரு பெண், அவனை அதட்டாமல், பக்கத்தில் மண்டியிட்டு உட்கார்ந்து, உன்னுடைய சிறந்த பத்துக் கல்லை எனக்குக் காட்டு என்றாள். வரிசையாக அடுக்கினான். ஒவ்வொன்றுக்கும் மதிப்பெண் போட்டு, படமெடுத்துத் தன் போனில் காட்டி, இனி அவை வீட்டுக்குப் போக வேண்டும் என்று சொல்லி அவனை வைத்தே தண்ணீரோரம் போட வைத்தாள். பூங்காச் சட்டப்படி ஒரு கல்கூட எடுக்கக் கூடாது. நான் சொல்லியிருந்தால் அழுது ஊரைக் கூட்டியிருப்பான்.

இரவு மெக்சிகன் கடையில் பர்ரிட்டோ, ஒன்று 13 டாலர். இரண்டு வாங்கினோம், ஐந்து பேருக்கும் மிஞ்சியது. உள்ளே சோறு, பீன்ஸ், மிளகாய்ச் சட்னி. கலிபோர்னியாவில் எங்கள் ஊர்ச் சாப்பாட்டுக்கு மிக நெருங்கியது இதுதான் என்பது என் தீர்ப்பு.

ஜூலை 7, ஞாயிறு

இன்று மாதத்தின் முதல் ஞாயிறு. டவுன்ஸ்லி பீரங்கித் தளத்தை அன்றைக்கு மட்டும்தான் மதியம் திறக்கிறார்கள். கடற்கரையிலிருந்து மேலே ஒரு மைலுக்குள்தான், ஆனால் முழுக்க ஏற்றம். கிளம்புவது க்ராங்கைட் என்ற பழைய ராணுவ முகாம் வழியாக. வரிசை வரிசையாக வெளிர் நிற இரண்டு மாடி மர பாரக்குகள், சிவப்புக் கூரை. 1941-ல் அவசரத்துக்கு, சில வருடம் நின்றால் போதும் என்று கட்டியது. இன்னும் நிற்கிறது. இப்போது பள்ளிப் பிள்ளைகள் வந்து தங்கி இயற்கைப் பாடம் படிக்கிறார்கள். படை போய்விட்டாலும் ஒவ்வொரு கட்டடத்திலும் எண் அப்படியே இருக்கிறது.

மேலே மலைக்குள் கான்கிரீட் குகை. உள்ளே பாதாளக் குளிர், சுவரில் ஈரம். 1940-ல் இங்கே இரண்டு பீரங்கிகள், வாயின் அகலம் 16 அங்குலம். ஒரு குண்டு 2,100 பவுண்டு, அதாவது கிட்டத்தட்ட 950 கிலோ, நாற்பது கிலோமீட்டர் போகும். குண்டைத் தூக்கிப்போக மேலே கூரையில் தண்டவாளம். சிப்பாய்கள் தூங்கியதும் இதே குகைக்குள். எதிரியின் போர்க்கப்பல் வந்தால் அடிவானத்துக்கு அப்பாலேயே மூழ்கடிப்பது திட்டம். 1941 டிசம்பரில் ஹவாய்த் தீவில் இருக்கும் அமெரிக்கக் கடற்படைத் தளமான பேர்ல் ஹார்பரைத் தாக்க ஜப்பானிலிருந்து வந்தவை விமானங்கள். அவற்றை ஏற்றிவந்த கப்பல்கள் முன்னூறு கிலோமீட்டருக்கும் அப்பால் நின்றன. கட்டிய சிமெண்ட் காய்ந்து இரண்டு வருடம்கூட உருப்படியாகப் போகவில்லை, பீரங்கி பழசாகிவிட்டது. போர் முடிந்ததும் துண்டு போட்டுப் பழைய இரும்பாக்கினார்கள். விமானத்துக்காக நைக்கி வந்தது. விமானம் வேண்டாம், கண்டம் விட்டுக் கண்டம் பாயும் ஏவுகணையே போதும் என்று ஆனதும் நைக்கியும் பழசாகிவிட்டது. இந்தக் கரையிலிருந்து எதிரி மேல் ஒரு குண்டுகூடச் சுட்டதில்லை.

வெளியே ஒரு 16 அங்குலக் குழாய் கிடத்தப்பட்டிருக்கிறது. இது இங்கே இருந்ததல்ல, மிசௌரி போர்க்கப்பலுடையது. ஜப்பான் 1945-ல் சரணடைந்து கையெழுத்துப் போட்ட அதே கப்பல். 2012-ல் கொண்டுவந்து வைத்தார்கள். பேரன் வாய்க்குள் தலையை விட்டு 'ஓ' என்று கத்தினான். அவனுக்கு முன்னால் ஐந்தாறு அமெரிக்கக் குழந்தைகள் அதே வேலைக்காக வரிசையில் நின்றார்கள்.

உருப்படியாகச் சுட்ட ஒரு பீரங்கியின் கதை தெற்கே பொனிட்டா முனையில் இருக்கிறது. 1855-ல் அங்கே கலங்கரை விளக்கம் வைத்தார்கள். ரொம்ப உயரத்தில் வைத்ததால் மூட்டத்துக்குள் மறைந்துவிட்டது. 1877-ல் கீழே முனைக்கு இறக்கினார்கள். அதற்கு முன், மூட்டத்தில் கப்பல்களை எச்சரிக்க ராணுவப் பீரங்கி ஒன்றைக் கொடுத்து, எட்வர்ட் மலோனி என்ற ஓய்வு பெற்ற சார்ஜென்டை நியமித்தார்கள். மூட்டம் இருக்கும்வரை அரை மணிக்கு ஒரு வேட்டு. மூட்டம் நாள் கணக்கில் விலகாது, மாற்று ஆள் கிடையாது. ஐந்து நிமிடம் கண்ணயர ஆளில்லை, மூன்று நாளில் இரண்டு மணி நேரம்தான் தூங்கினேன் என்று மேலிடத்துக்கு எழுதினார் மனிதர். இந்த மலைகளில் கொட்டிய காசு எல்லாவற்றையும்விட அந்த அரை மணி வேட்டுக்குத்தான் பலன் இருந்திருக்கும். அந்த முனை இன்று எங்களுக்குத் தெரியவில்லை, மூட்டம்தான். சங்கு மட்டும் கேட்டது.

இறங்கும்போது நின்று பார்த்தேன். அந்தப் பக்கம் சான் பிரான்சிஸ்கோ, ஒரு படுக்கையறை வீட்டுக்கே மாதம் மூவாயிரம் டாலர். இந்தப் பக்கம் மலை மடிப்பு முழுக்க வெறும் புதர். ராணுவம் நூறு வருடமாக வேலி போட்டு வைத்திருந்ததால் யாரும் வீடு கட்ட முடியவில்லை. ராணுவத்தின் கையில் இல்லாத பக்கத்துப் பள்ளத்தாக்கில் 1960-களில் மரின்செல்லோ என்று முப்பதாயிரம் பேருக்கு அடுக்குமாடி நகரம் கட்டத் திட்டம் போட்டு, ஊர்க்காரர்கள் வழக்குப் போட்டு நிறுத்தினார்கள். 1972-ல் கோல்டன் கேட் தேசியப் பூங்கா ஆனது. பேராசைக்காரனும் எதிரியும் இருவருமே வராமல் போனது அதிர்ஷ்டம்தான். இதைச் சொன்னபோது மாப்பிள்ளை, "நமக்கு ஒரு பிளாட் கிடைச்சிருக்கும் அத்தை" என்றார். விளையாட்டுக்குச் சொன்னாரா என்று தெரியவில்லை.

திரும்பும்போது பாலத்தில் சுங்கம், ஒன்பது டாலருக்கு மேல். நகரத்துக்குள் வரும் பக்கம் மட்டும்தான். நிறுத்தக்கூட வேண்டாம், காமிரா எடுத்துக்கொள்கிறது. மலைக் கணவாயைத் தாண்டியதும் காரின் மீட்டர் 79, 88, 97 என்று ஏறிக்கொண்டே வந்தது. வீட்டுக் கதவைத் திறந்தால் அடுப்பு வாசல்.

இவர் குளித்துவிட்டு வந்து உட்கார்ந்ததும் மாப்பிள்ளையிடம் கேட்ட முதல் கேள்வி, விமான டிக்கெட்டைத் தள்ளிப் போட எவ்வளவு ஆகும் என்பது. எங்களுக்கு ஆகஸ்ட் 2-ல் விமானம். மூன்றாம் தேதி சனிக்கிழமை, லிஃப்ட் பம்பைக் கழற்றப் போகிறார்களாம், வரச் சொல்லியிருக்கிறாராம் அந்தத் தொப்பிக்காரர். நூற்றி எண்பது டாலரும் வித்தியாசக் கட்டணமும் என்றார் மாப்பிள்ளை. மகள் என்னைப் பார்த்தாள். நான் இட்லிக்கு ஊறப்போடப் போய்விட்டேன்.